காட்டு நிலத்தைக் காக்கப் பொதுநல வழக்கு: சர்வே எண்ணில் தொடங்கி எல்லைக்கல் வரை

காப்புக்காட்டை ஒட்டிய ஊர்க்காரர்களுக்கு இது பழகிய காட்சி. ஒரு கோடையில், பட்டா நிலத்தின் கம்பிவேலி வனத்துறையின் எல்லைக் கற்குவியலைத் தாண்டி இருபதடி உள்ளே போய் நிற்கும். அடுத்த மழைக்குள் புதர் வெட்டித் தீ வைக்கப்பட்டிருக்கும். ஒரு ராத்திரி போர்வெல் வண்டி வந்து போகும். அப்புறம் ஒரு தகரக் கொட்டகை, கொட்டகைக்கு ஒரு மின் இணைப்பு, மின் கட்டண அட்டையைக் காட்டி ஒரு வீட்டுவரி ரசீது. மூன்றாம் வருஷம் நீங்கள் கேட்கப் போனால் அவர்கள் கையில் ஐந்து காகிதம் இருக்கும். உங்கள் கையில் ஒன்றுகூட இருக்காது.

நியாயம் முழுக்கத் தங்கள் பக்கம் இருந்தும், சர்வே எண்ணைத் தவறாகக் குறிப்பிட்டதால் முதல் வாய்தாவிலேயே மனுவைத் திரும்பப் பெற்றவர்களை நான் அறிவேன். காட்டு நில வழக்கின் பெரும்பகுதி நீதிமன்றத்துக்கு வெளியே, தாலுகா அலுவலகத்திலும் பதிவறையிலும்தான் நடக்கிறது. அதனால் இந்த வழிகாட்டியிலும் அந்தப் பகுதிக்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன். சட்டம் இந்தியா முழுமைக்கும் பொது என்றாலும், பதிவேடுகளும் அலுவலர்களும் நடைமுறையும் தமிழ்நாட்டுக்கு உரியவை.

இந்தியக் காடுகளை இன்று காக்கும் மிக முக்கியமான தீர்ப்பே நம் மலையில் இருந்துதான் கிளம்பியது. நீலகிரி மாவட்டம் கூடலூரில் நடந்த மரவெட்டை எதிர்த்து நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த டி.என்.கோதவர்மன் திருமுல்பாடு 1995-ல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். ரிட் மனு எண் 202/1995. அந்த வழக்கில் 1996 டிசம்பர் 12-ல் வந்த உத்தரவு, ‘காடு’ என்ற சொல்லுக்கு அகராதிப் பொருளையே கொள்ள வேண்டும், நிலம் யாருக்குச் சொந்தம் என்பது முக்கியமில்லை, அரசுப் பதிவேட்டில் காடு என்று குறிக்கப்பட்ட எந்த இடத்துக்கும் 1980-ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டம் பொருந்தும் என்றது. மத்திய அரசின் முன் அனுமதி இல்லாமல் காட்டு நிலத்தை வேறு காரியத்துக்கு மாற்றக் கூடாது என்பதே அந்தச் சட்டத்தின் சாரம். 2023-ல் சட்டம் திருத்தப்பட்டு வரையறை சுருங்கியபோது, மறு உத்தரவு வரும்வரை 1996-ன் பொருளையே பின்பற்றும்படி 2024 பிப்ரவரி 19-ல் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. உங்கள் மனுவில் இந்த இரண்டு தேதிகளும் இருக்க வேண்டும்.

முதல் படி: அது எந்த வகை நிலம்?

கண்ணுக்குக் காடாகத் தெரிவதெல்லாம் பதிவேட்டில் காடு இல்லை. பதிவேட்டில் காடாக இருப்பதில் பாதி இடத்தில் இன்று மரம் இல்லாமலும் போயிருக்கலாம். எனவே முதலில் சர்வே எண்ணைக் கண்டுபிடியுங்கள்.

வருவாய்த் துறையின் இ-சேவைத் தளத்தில் மாவட்டம், வட்டம், கிராமம், புல எண் கொடுத்தால் ‘அ’ பதிவேட்டு விவரம், அதாவது கிராமத்தின் நிலப் பதிவேட்டில் அந்தப் புலத்துக்கு உள்ள வரி, கிடைக்கும். எடுத்துக்காட்டுக்குப் புல எண் 412/1 என்று வைத்துக்கொள்வோம். அந்த ஒற்றை வரியை நிதானமாகப் படியுங்கள். நில வகை என்ன போட்டிருக்கிறது: ரயத்துவாரியா (தனியார் பட்டா நிலம்), அரசு புறம்போக்கா, தரிசா? குறிப்புப் பத்தியில் ‘காடு’ அல்லது ‘காப்புக்காடு’ என்று இருக்கிறதா? பரப்பு எத்தனை ஹெக்டேர்? உட்பிரிவு ஆகியிருந்தால் எந்த உத்தரவின்படி ஆனது? 412 முழுவதும் காடாக இருந்து, 412/2 மட்டும் தனியார் பேரில் பட்டாவாகியிருந்தால் உங்கள் வழக்கின் உயிர் அந்த உட்பிரிவில்தான் இருக்கிறது.

அதோடு நிறுத்திவிடாதீர்கள். 1980-களில் நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்க நடந்த யு.டி.ஆர். நில அளவையில் பழைய எண்கள் மாறின. தப்பான பெயரில் பட்டா ஏறிய இடங்களும் உண்டு. வனத்துறையின் அரசிதழ் அறிவிப்போ பல இடங்களில் நூறு ஆண்டுக்கு முந்தையது. அதில் பழைய எண்ணும் ஓடை, பாறை, மேடு என்று எல்லை விவரிப்பும்தான் இருக்கும். இரண்டையும் பொருத்திக் காட்டும் பழைய எண் – புதிய எண் ஒப்பீட்டுப் பட்டியலை வட்டாட்சியர் அலுவலகத்தில் கேட்டு வாங்க வேண்டும். கிராம வரைபடம், அந்தப் புலத்தின் அளவுகளைக் காட்டும் எஃப்.எம்.பி. வரைபடம், சார்பதிவாளர் அலுவலகத்தின் வில்லங்கச் சான்று ஆகியவையும் வேண்டும். வில்லங்கச் சான்றில் நிலம் எத்தனை கை மாறியது, எந்த வருஷம் முதல் பத்திரம் எழுதப்பட்டது என்பது தெரிந்துவிடும்.

வனத்துறைப் பக்கம் பார்க்க வேண்டியது 1882-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு வனச் சட்டத்தின் இரண்டு அறிவிப்புகள். 4-வது பிரிவின் கீழ் வருவது, இந்த நிலத்தைக் காப்புக்காடு ஆக்கப் போகிறோம் என்ற அறிவிப்பு. உரிமைகளை விசாரித்து முடித்த பிறகு 16-வது பிரிவின் கீழ் வருவதுதான் காப்புக்காடு என்ற இறுதி அறிவிப்பு. 4-வது பிரிவோடு பல ஆண்டுகளாக நின்றுபோன நிலங்கள் நம் மாநிலத்தில் இருக்கின்றன. அப்படிப்பட்ட நிலத்தைக் காப்புக்காடு என்று மனுவில் எழுதினால் எதிர்த்தரப்பு வக்கீல் அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொள்வார். ‘காப்புக்காடாக அறிவிக்க 4-வது பிரிவில் முன்மொழியப்பட்ட நிலம்’ என்று உள்ளதை உள்ளபடி எழுதுங்கள். கூடலூர்ப் பக்கம் என்றால் இன்னொரு அடுக்கும் உண்டு: 1969-ஆம் ஆண்டின் ஜன்ம (பரம்பரை நிலவுடைமை) எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்தில் அந்த நிலம் எந்தப் பிரிவில் நிற்கிறது என்று பார்க்காமல் ஒரு வரிகூட எழுத வேண்டாம்.

இரண்டாம் படி: யார் மீது வழக்கு?

இந்தப் படியைத் தாண்டிக் குதிப்பவர்கள்மேல் எனக்குக் கோபம் உண்டு. காட்டுக்குள் குடிசை போட்டிருப்பவர் எல்லாரும் ஆக்கிரமிப்பாளர் இல்லை. காட்டுநாயக்கரும் பணியரும் குறும்பரும் இருளரும், அங்கே வனத்துறை என்று ஒன்று வருவதற்கு முன்பிருந்தே இருப்பவர்கள். 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின்படி, 2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்து காட்டு நிலத்தில் வாழும் பழங்குடிகளுக்கு அந்த நிலத்தில் உரிமை உண்டு. பழங்குடி அல்லாத பாரம்பரிய வனவாசிகள் மூன்று தலைமுறை, அதாவது 75 ஆண்டு, அங்கே வாழ்ந்ததைக் காட்ட வேண்டும். கோரிக்கையை விசாரித்து முடிக்கும்வரை யாரையும் வெளியேற்றக் கூடாது என்று அந்தச் சட்டத்தின் 4(5) பிரிவு சொல்கிறது.

பொதுவாக ‘காட்டில் உள்ள ஆக்கிரமிப்பு அனைத்தையும் அகற்றுக’ என்று ஒரு வேண்டுதல் எழுதினால் என்ன ஆகும் என்பதற்கு 2019 நல்ல பாடம். கோரிக்கை நிராகரிக்கப்பட்டவர்களை வெளியேற்ற அந்த ஆண்டு பிப்ரவரி 13-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. நாடு முழுக்க லட்சக்கணக்கான ஏழைக் குடும்பங்கள் நிலைகுலைந்தன. பதினைந்தே நாளில், பிப்ரவரி 28-ல், அதே நீதிமன்றம் அதை நிறுத்தி வைத்தது. கோரிக்கைகளை முறையாக விசாரித்தார்களா என்ற கேள்வி அதற்குப் பிறகுதான் எழுந்தது.

எனவே கிராம சபையிடமும் வன உரிமைக் குழுவிடமும் அந்த நிலத்தின்மேல் கோரிக்கை ஏதும் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள். இருந்தால் அவர்களை விட்டு விலகுங்கள், அல்லது அவர்களையே துணைக்குச் சேர்த்துக்கொள்ளுங்கள். சொகுசு விடுதிக்கும் மனைப் பிரிவுக்கும் எதிரான வழக்கில் எல்லையை நன்றாக அறிந்த சாட்சி பெரும்பாலும் அந்தப் பாடிக்காரர்கள், அதாவது பழங்குடிக் குடியிருப்பில் இருப்பவர்கள்தான்.

மூன்றாம் படி: ஆதாரம்

முதலில் ஓர் எச்சரிக்கை. அனுமதி இல்லாமல் காப்புக்காட்டுக்குள் நுழைவது வனச் சட்டப்படி குற்றம். சரணாலயம், புலிகள் காப்பகம் என்றால் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும் சேர்ந்துகொள்ளும். ஆதாரம் எடுக்கப் போனவர் மீதே வழக்குப் பதிவானால் எதிர்த்தரப்புக்கு அதைவிட நல்ல செய்தி இல்லை. பொதுச் சாலையில் நின்று எடுங்கள், ட்ரோன் பறக்கவிடாதீர்கள், தனியாகப் போகாதீர்கள்.

கூகுள் எர்த்தில் பழைய செயற்கைக்கோள் படங்களை வருஷ வாரியாகப் பார்க்க முடியும். ஒரே இடத்தை நாலைந்து வருஷங்களில் எடுத்து, தேதியும் அட்சரேகை, தீர்க்கரேகையும் தெரியும்படி அச்சிட்டு அடுத்தடுத்து வையுங்கள். பச்சையாக இருந்த இடத்தில் ஒரு பழுப்புச் சதுரமும், அடுத்த வருஷம் ஒரு கூரையும், அதற்கடுத்த வருஷம் ஒரு நீச்சல் குளத்தின் நீலப் புள்ளியும் தெரிகிற நாலு தாளுக்கு நாற்பது பக்க வாக்குமூலத்தைவிட வலு அதிகம். கைபேசிப் படங்களின் மூலக் கோப்புகளை அழிக்காதீர்கள். மின்னணு ஆதாரத்துக்குச் சாட்சியச் சட்டப்படி, அதாவது 2023-ஆம் ஆண்டுப் பாரதிய சாட்சிய அதிநியமத்தின் 63-வது பிரிவின்படி, சான்று தேவைப்படலாம்.

இரண்டாவது ஆயுதம் தகவல் உரிமை மனு. 10 ரூபாய் கட்டணம், 30 நாள் கெடு. ஒரே மனுவில் ஊர்க் கதையைக் கொட்டாமல், துறைக்கு ஒன்றாகப் பிரித்து, ஆவணமாக மட்டும் கேளுங்கள். ‘ஆக்கிரமிப்பு இருக்கிறதா?’ என்று கேட்டால் ‘பதிவேட்டில் இல்லை’ என்று பதில் வரும். இப்படிக் கேளுங்கள்: இன்ன காப்புக்காட்டின் 4-வது, 16-வது பிரிவு அறிவிப்புகளின் நகல், அந்த வனச்சரகத்தின் ஆக்கிரமிப்புப் பதிவேட்டு நகல், இன்ன சர்வே எண் குறித்து அனுப்பப்பட்ட வெளியேற்ற நோட்டீஸ்களின் நகல். மின்வாரியத்திடம், அந்தக் கட்டடத்துக்கு இணைப்பு கொடுத்தபோது பெறப்பட்ட நில உரிமை ஆவணத்தைக் கேளுங்கள். ஊராட்சியிடம் கட்டட அனுமதி நகல். மலைப் பகுதி என்றால் மலைப்பகுதிப் பாதுகாப்பு ஆணையத்தின் இசைவு பெறப்பட்டதா என்பதற்கான கோப்பு. பதில் வராவிட்டால் 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. பதில் சொல்ல மறுத்ததும் ஓர் ஆதாரமே, அந்தக் கடிதத்தையும் ஆவணக் கட்டில் சேருங்கள்.

நான்காம் படி: முதலில் அதிகாரியிடம்

கடமையைச் செய் என்று அரசுக்கு உத்தரவிடக் கேட்பதுதான் உங்கள் வழக்கு. ‘அதிகாரியிடம் கேட்டீர்களா, அவர் செய்யவில்லையா?’ என்பதே நீதிபதியின் முதல் கேள்வியாக இருக்கும். ஆகவே மாவட்ட வன அலுவலர், மாவட்ட ஆட்சியர், வட்டாட்சியர் மூவருக்கும் ஒரே நாளில் மனு அனுப்புங்கள். சென்னையில் உள்ள முதன்மைத் தலைமை வனப் பாதுகாவலருக்கு நகல். ரசீதையும் பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகையையும் தேதிவாரியாகக் கோத்து வையுங்கள்.

மனு ஒன்றரைப் பக்கம் போதும். சர்வே எண், பரப்பு, ஆக்கிரமிப்பின் தன்மை, எந்தச் சட்டத்தில் நடவடிக்கை வேண்டும் என்பது. காப்புக்காடு என்றால் தமிழ்நாடு வனச் சட்டத்தின் 68-ஏ பிரிவு வெளியேற்ற அதிகாரம் தருகிறது. வருவாய்த் துறைப் புறம்போக்கு என்றால் 1905-ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டம். இரண்டு துறையும் ‘அது அவர்கள் நிலம்’ என்று ஒருவரையொருவர் கைகாட்டுவதுதான் வழக்கம். அப்படிக் கைகாட்டிய கடிதங்கள் வந்தால் மனம் தளர வேண்டாம். கூட்டு அளவை நடத்த உத்தரவிடுங்கள் என்று நீதிமன்றத்தில் கேட்க அதுவே காரணம் ஆகும். ஒன்றிரண்டு மாதம் பொறுத்துப் பாருங்கள். ஆனால் மரம் விழுந்துகொண்டிருக்கிறது, ஜேசிபி நிற்கிறது என்றால் காத்திருக்க வேண்டாம், மனு கொடுத்த மறுநாளே வக்கீலைப் பாருங்கள்.

ஐந்தாம் படி: எந்தக் கதவு?

அரசமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம். நீலகிரி, கோவை, ஈரோடு பக்கம் என்றால் சென்னை. தேனி, திண்டுக்கல், விருதுநகர், தென்காசி, கன்னியாகுமரி என்றால் மதுரைக் கிளை. கொடைக்கானல் திண்டுக்கல் மாவட்டம் என்பதால் மதுரைதான்.

இன்னொரு கதவு, சென்னையில் உள்ள தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென் மண்டல அமர்வு. வனப் பாதுகாப்புச் சட்டம் அதன் அதிகார வரம்பில் வருகிறது, வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் வருவதில்லை. வக்கீல் இல்லாமல் நேரில் வாதாடலாம். ஆனால் 6 மாதக் கெடு கடுமையானது. பிரச்சினை முதன்முதலில் எழுந்த நாளில் இருந்து எண்ணுவார்கள், தகுந்த காரணம் இருந்தால் இன்னும் 60 நாள் வரை மன்னிப்பு உண்டு. பட்டாவை ரத்து செய்யவும், பல துறைகளை ஒன்றாக நிறுத்தவும், பழைய ஆக்கிரமிப்பை எடுக்கவும் உயர் நீதிமன்றமே நல்லது என்பது என் கருத்து. புதிதாக ஒரு சாலையோ குவாரியோ காட்டுக்குள் நுழைகிறது என்றால் தீர்ப்பாயம் போகலாம். நேராக உச்ச நீதிமன்றம் போவது பெரும்பாலும் வீண் அலைச்சல், ‘உயர் நீதிமன்றம் போங்கள்’ என்று அனுப்பிவிடுவார்கள்.

ஆறாம் படி: மனு எழுதுவது

பொதுநல வழக்கு என்ற பெயரில் சொந்தப் பகையைத் தீர்ப்பவர்கள் பெருகியதால், எல்லா உயர் நீதிமன்றங்களும் விதி வகுக்க வேண்டும் என்று 2010-ல் பல்வந்த் சிங் சௌஃபால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் அப்படி விதிகள் உண்டு. சொந்தப் பணத்தில் வழக்குத் தொடுக்கிறேன், இதில் எனக்குத் தனி ஆதாயம் இல்லை, உள்நோக்கம் இருப்பதாகத் தெரிந்தால் செலவுத்தொகை கட்டத் தயார் என்று பிரமாண வாக்குமூலத்தில் எழுத வேண்டும். உங்கள் தொழில், வருமானம், பான் எண்ணும் கேட்கப்படும். நல்லெண்ணத்தைக் காட்ட ஒரு தொகையைக் கட்டச் சொல்வதும் உண்டு. ஆக்கிரமிப்பாளரோடு உங்களுக்கு வரப்புத் தகராறோ தேர்தல் பகையோ இருந்தால் மறைக்காதீர்கள். அதைவிட, அந்தப் பகை இல்லாத ஊர்க்காரர் ஒருவரை மனுதாரர் ஆக்குங்கள்.

எதிர்மனுதாரர் வரிசையில் சுற்றுச்சூழல், காலநிலை மாற்றம் மற்றும் வனத் துறைச் செயலர், முதன்மைத் தலைமை வனப் பாதுகாவலர், மாவட்ட வன அலுவலர், ஆட்சியர், வட்டாட்சியர், உள்ளாட்சி அமைப்பு, தேவைப்பட்டால் மின்வாரியம் வரும். கடைசியில் ஆக்கிரமிப்பாளர் பெயரும் முகவரியும் கட்டாயம் வேண்டும். அவரைச் சேர்க்காமல் உத்தரவு வாங்கினால், ‘என்னைக் கேட்கவே இல்லை’ என்று வந்து அதை நிறுத்திவிடுவார்.

வேண்டுதலைக் குறுக்கி எழுதுங்கள். இன்ன தேதியிட்ட என் மனுவின் அடிப்படையில், இன்ன சர்வே எண்ணில் வனத்துறையும் வருவாய்த் துறையும் கூட்டாக அளந்து, சட்டப்படி நோட்டீஸ் கொடுத்து, ஆக்கிரமிப்பை அகற்றி, நிலத்தைக் காடாக மீட்டெடுக்க உத்தரவிடவும். இடைக்கால வேண்டுதல் தனி: வழக்கு முடியும்வரை புதிய கட்டுமானம், மரவெட்டு, விற்பனைப் பதிவு, புதிய மின் இணைப்பு எதுவும் கூடாது. உண்மையில் காட்டைக் காப்பாற்றுவது பெரும்பாலும் இந்த இடைக்கால உத்தரவுதான்.

ஆவணங்களை வரிசை எண் போட்டு, தேதிப்படி அடுக்கி, தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்போடு கட்டாக்க வேண்டும். வக்கீல்கள் இதை ‘டைப்டு செட்’ என்பார்கள். வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு.

ஏழாம் படி: விசாரணையும் காத்திருப்பும்

நோட்டீஸ் போன பிறகு அரசுத் தரப்பு நிலை அறிக்கை தாக்கல் செய்யும். அதில் உள்ள பரப்பை ‘அ’ பதிவேட்டோடும் அரசிதழோடும் ஒப்பிட்டு, வேறுபாடு இருந்தால் மறுமொழி மனு போடுங்கள். 12 ஹெக்டேர் என்று ஆரம்பித்த ஆக்கிரமிப்பு, அறிக்கையில் 4 ஹெக்டேர் ஆவது இந்தக் கட்டத்தில்தான்.

எவ்வளவு காலம் ஆகும்? நீலகிரியின் சீகூர் யானை வழித்தடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பொதுநல வழக்கின் பின்னணியில் 2010 ஆகஸ்டில் அரசு வழித்தடத்தை அறிவித்தது. 2011 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. விடுதி உரிமையாளர்கள் உச்ச நீதிமன்றம் போனார்கள். 2018-ல் அனுமதியில்லாத விடுதிகளுக்கு முத்திரை வைக்க உத்தரவு வந்தது. 2020 அக்டோபர் 14-ல்தான் இறுதித் தீர்ப்பு. அப்போதும், எந்தெந்த நிலம் எவ்வளவு என்ற தனித்தனி ஆட்சேபணைகளைக் கேட்க ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டது. பத்தாண்டுக்குப் பிறகும் சண்டை பரப்பளவில்தான் வந்து நின்றது. முதல் படியில் அவ்வளவு நேரம் நின்றதற்குக் காரணம் இதுதான்.

பட்டாவே கொடுத்துவிட்டார்கள், இனி ஒன்றும் செய்ய முடியாது என்று யாராவது சொன்னால் புனேயைச் சொல்லுங்கள். கோந்த்வாவில் 1879-லேயே காப்புக்காடாக அறிவிக்கப்பட்ட 11.89 ஹெக்டேர் நிலத்தை வருவாய்த் துறை 1998-ல் தனியாருக்கு ஒதுக்க, அது வீட்டுவசதிச் சங்கத்தின் கைக்குப் போனது. குடிமக்கள் அமைப்பு தொடுத்த பொதுநல வழக்கில் 2025 மே 15-ல் உச்ச நீதிமன்றம் அந்த ஒதுக்கீட்டைச் செல்லாது என்றது. வருவாய்த் துறை வசம் உள்ள காப்புக்காட்டு நிலம் தனியாருக்குத் தரப்பட்டிருக்கிறதா என்று ஆராய, எல்லா மாநிலங்களும் சிறப்புக் குழு அமைக்க வேண்டும் என்றும் சொன்னது. உங்கள் நிலம் அந்த வகை என்றால் இந்தத் தீர்ப்பை முதல் ஆவணமாக வையுங்கள்.

எட்டாம் படி: உத்தரவு வந்த பிறகு

உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி, ஒரு முகப்புக் கடிதத்தோடு சம்பந்தப்பட்ட எல்லா அலுவலர்களுக்கும் நீங்களே அனுப்புங்கள். கெடு முடிந்தும் நடக்கவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம், அதற்கு ஓராண்டுதான் காலம். அந்த நாளை நாள்காட்டியில் குறித்து வையுங்கள்.

இடிப்பு நடக்கும் அன்று ஊர் முழுக்க நிற்கும், படம் எடுக்கும். அதற்கு அடுத்த வாரம்தான் நீங்கள் போக வேண்டும். போர்வெல் மூடப்பட்டதா, மின்கம்பம் எடுக்கப்பட்டதா, ‘அ’ பதிவேட்டில் பட்டா ரத்தாகி ‘காப்புக்காடு’ என்று ஏறியதா, சார்பதிவாளருக்கு அந்த சர்வே எண்ணில் பத்திரம் பதியக் கூடாது என்று கடிதம் போனதா என்று பாருங்கள். கற்குவியல் இருந்த இடத்தில் எண் பொறித்த எல்லைக்கல் நட வைத்து, ஒவ்வொரு கல்லின் அட்சரேகை, தீர்க்கரேகையையும் குறித்த அளவை வரைபடத்தின் நகலைத் தகவல் உரிமையில் வாங்கிக் கிராம சபைப் பதிவில் சேருங்கள். அடுத்த கோடையில் வேலி நகர்ந்தால், எந்தக் கல்லில் இருந்து எத்தனை அடி என்று சொல்ல அந்தத் தாள் உங்கள் கையில் இருக்கும்.